படித்த கட்டைவிரல்

அத்தியாயம் 6

இருபத்து மூன்று கட்டைவிரல்களின் ஜெராக்ஸ் நகலை மேசைமேல் விரித்து வைத்துக்கொண்டு துப்பறிவாளர் காயாரோகணம் பேசாமல் உட்கார்ந்திருந்தார். ஞாயிற்றுக்கிழமை காலை. தஞ்சாவூர் கீழவாசலில் உரக்கடைக்கு மேலே இருந்த அந்த அலுவலகத்தில் உரத்தின் நெடி வாடகை தராமல் குடியிருந்தது.

அவருடைய மௌனங்களை உதவியாளர் ஜெயா டீக்கணக்கில் அளப்பாள். நாகப்பட்டினத்தில் கடலுக்குப் போகிற குடும்பத்தில் பிறந்தவர் அவர். காற்றுக்குக் காத்திருந்து பழகிய பரம்பரை. ஒரு டீ ஆறும் வரை பேசாமல் இருந்தால் வழக்கு சாதாரணம். இரண்டு டீ என்றால் சிக்கல். மூன்று டீ என்றால் யாரோ பொய் சொல்லப் போகிறார்கள், அதற்காக அவர் இடம் ஒதுக்கி வைத்திருக்கிறார் என்று அர்த்தம்.

இரண்டாவது டீயில் ஆடை கட்டியிருந்தது.

"சார், வக்கீல் காதர் மைதீன் ஒரு பக்கத்துல குறிப்பு கேட்டிருக்காரு. எழுதிட்டேன். படிக்கிறேன், கேளுங்க. கேக்காட்டியும் படிப்பேன்."

அவர் கேட்பதாகவும் சொல்லவில்லை, கேட்காததாகவும் சொல்லவில்லை. ஜெயா படித்தாள்.

"புளியங்கரம்பை மருதையன் மகள் அம்சம். வயது இருபத்தைந்து. பத்தும் பன்னிரண்டும் பள்ளிக்கூடத்தில். பிறகு மூன்று வருஷம் தபாலில் பி.ஏ. தமிழ். நாலு வருஷம் நடவு நட்டுக்கொண்டே விண்ணப்பம் போட்டு, இந்த வருஷம் பி.எட். சீட் வாங்கியிருக்கிறாள். அதே ஊர் மிராசுதார் இராஜாங்கம் மதுரை ஹைகோர்ட்டில் ரிட் போட்டிருக்கிறார். முதல் வாதம், தபாலில் படித்தவள் வகுப்பறையைக் கண்டதில்லை, ஆகவே ஆசிரியர் பயிற்சிக்குத் தகுதி இல்லை. ஜட்ஜ் ஒரே கேள்வி கேட்டார். பத்து, பன்னிரண்டு, அப்புறம் மூன்று வருஷம், வரிசை சரியா? சரி. அப்படியானால் பட்டம் பஸ்ஸில் வந்தாலென்ன, தபாலில் வந்தாலென்ன என்று சொல்லிவிட்டார்."

"ஜட்ஜ் அப்படிச் சொல்லல."

"அவரு நாலு பக்கத்துல சொன்னாரு. நான் ஒரு வரியில சொல்லிருக்கேன். இடம் இல்ல." ஜெயா தொடர்ந்தாள். "இரண்டாவது வாதம், அந்தப் பட்டமே அவள் வாங்கியது இல்லை. 2005 மே 28, சனிக்கிழமை. கடைசி வருஷப் பரீட்சை. அன்றைக்கு அம்சம் கும்பகோணத்தில் பரீட்சை எழுதவில்லை, ஊரில் வாய்க்கால் தூர்வாரிக்கொண்டிருந்தாள். பாசன சங்கத்து வேலைப் பதிவேட்டில் பதினேழாவது வரிசையில் அவள் பெயருக்கு நேரே கைநாட்டு இருக்கிறது. பரீட்சை எழுதியது வேறு ஆள். மேலும், பி.ஏ. தமிழ் படிப்பவள் எதற்குக் கைநாட்டு வைக்கிறாள்?"

படிப்பதை நிறுத்திவிட்டு ஜெயா தன் பங்கைச் சேர்த்தாள். அவளுக்கும் பி.காம்., எம்.ஏ. இரண்டும் தபாலில் வந்தவை. "எனக்காவது பரவாயில்ல சார். பாடப் புத்தகக் கவர் எப்பவும் பிரிஞ்சுதான் வரும். எங்க தெரு போஸ்ட்மேன் முழுசாப் படிச்சுட்டுத்தான் குடுப்பாரு. ஆள்மாறாட்டம்னு யாராவது கேஸ் போட்டா அவரைத்தான் பிடிக்கணும்."

சிரிப்பதற்கு அதில் இடம் இருந்தது. ஆனால் நாளைக் காலை மதுரையில் விசாரணை. செவ்வாய்க்கிழமை மாலை சேர்க்கை முடிகிறது. ரேகை நிபுணரிடம் அனுப்பினால் அறிக்கை வர நாலு மாதம் ஆகும். அதற்குள் அம்சத்தின் சீட்டில் வேறு யாராவது உட்கார்ந்து அரையாண்டுத் தேர்வு எழுதியிருப்பார்கள். இராஜாங்கம் ஜெயிக்க வேண்டிய அவசியமே இல்லை. இழுத்தடித்தால் போதும்.

அவருக்கு என்ன வயிற்றெரிச்சல் என்பதும் தெரிந்ததுதான். மருதையன் குத்தகைக்கு உழுத நாலு மா நிலத்தை விட்டு வெளியேற்ற அவர் எட்டு வருஷம் வழக்கு நடத்தித் தோற்றார். அந்த வழக்கில் மருதையனுக்காக ஒவ்வொரு மனுவையும் எழுதியது அம்சத்தின் கை. அந்தக் கையை எழுதத் தெரியாத கை என்று ஹைகோர்ட் சொல்ல வேண்டும். நிலத்தைவிட அதுதான் இப்போது அவருக்கு ருசி.

காயாரோகணம் விரலை நகலின் மேல் வைத்தார்.

"இந்தக் கோடு என்ன?"

பதினேழாவது கைநாட்டின் நடுவே சாய்வாக ஒரு வெள்ளைக் கோடு ஓடியது.

"ஜெராக்ஸ் மெஷின் கோடு சார். கண்ணாடியில பிசின் ஒட்டியிருக்கும்."

"மத்த இருபத்திரண்டுல இல்லையே."

ஜெயா ஸ்கூட்டியின் சாவியை எடுத்தாள்.

காயாரோகணத்துக்குக் கடலில் எதையும் ஓட்டத் தெரியும். தரையில் சைக்கிள்கூடத் தெரியாது. ஜெயா ஓட்ட, பின்னால் இரண்டு கைகளையும் முழங்கால்மேல் வைத்துக்கொண்டு, கோயில் உற்சவர் மாதிரி அசையாமல் அவர் வருவது மாவட்டம் முழுக்கப் பழகிப்போன காட்சி. ஒரத்தநாடு தாண்டியதும் இரண்டு பக்கமும் சம்பா நடவு நடந்துகொண்டிருந்தது. தண்ணீர் நின்ற வயல்களில் வானம் கிடந்தது.

புளியங்கரம்பை பாசன சங்கத்தின் செயலாளர் அரசப்பன் கேள்வி வருவதற்கு முன்பே பதில் சொல்லும் சுபாவம் உள்ளவர்.

"எனக்கு ஒண்ணும் தெரியாதுங்க."

"வணக்கம்தான் சொன்னோம்" என்றாள் ஜெயா.

"வணக்கங்க. நாளைக்குப் புத்தகத்தோட கோர்ட்டுக்கு வரச்சொல்லி உத்தரவு வந்திருக்கு. நான் திருச்சி தாண்டினதில்ல."

சங்கத்து உறுப்பினரான மருதையன் கொடுத்தனுப்பிய கடிதத்தைக் காட்டியதும் பீரோவைத் திறந்து பதிவேட்டை எடுத்து வந்தார். மே 28. இருபத்து மூன்று பெயர்கள், எல்லாம் அரசப்பனின் கையெழுத்தில் முன்கூட்டியே எழுதியவை. நேரே இருபத்து மூன்று கைநாட்டுகள். பதினேழாவதில் அந்தச் சாய்வுக் கோடு இருந்தது. மெஷின் குற்றமற்றது.

காயாரோகணம் பக்கத்தை வெளிச்சத்துக்குத் திருப்பினார். மற்ற இருபத்திரண்டும் கறுப்புத் திட்டுகள். உருண்டையாக, நீளமாக, ஒன்றோடொன்று முட்டிக்கொண்டு. சிலவற்றின் ஓரத்தில் வாய்க்கால் சேறு காய்ந்து காவி விளிம்பு கட்டியிருந்தது. பதினேழாவது மட்டும் சுழி சுழியாக, ஒவ்வொரு வரியும் எண்ணிவிடலாம் போல.

"இந்த ஒரு விரல் மட்டும் சோப்புப் போட்டுக் குளிச்சிட்டு வந்திருக்கு சார்" என்றாள் ஜெயா. கைப்பையிலிருந்து காமிராவை எடுத்து மூன்று படம் பிடித்தாள். பிறகு அரசப்பனைத் திரும்பிப் பார்த்தாள். "உங்க விரலைக் காட்டுங்க."

அவர் பத்து விரல்களையும் காட்டினார். மைப்பெட்டியை நீட்டியபோது, தண்டனை வாங்குகிறவர் போலக் கண்ணை மூடிக்கொண்டு கட்டைவிரலை வைத்தார். வரிகள் தெளிவாக விழுந்தன. ஆனால் சாய்வுக் கோடு இல்லை.

"நான் இல்லைங்களே?"

"நீங்க இல்ல."

அரசப்பன் பெருமூச்சு விட்டார். பெருமூச்சோடு சேர்ந்து ஒரு தகவலும் வந்தது. "அன்னைக்கு அந்தப் பொண்ணு வரலைன்னுதான் எனக்கு ஞாபகம். வராதவங்க கட்டத்தை வெறுமையா விட்டுடுவேன். ஆனா கோர்ட்டுல எப்படிச் சொல்றது, எழுத்துல இருக்கே. புத்தகம் என்னைவிட்டு எங்கயும் போகலைங்க. இந்த வருஷம் ஆவணி மாசம் ஒரு வாரம் தலைவர் வீட்ல இருந்துச்சு. அதோட சரி."

சங்கத்தின் தலைவர் இராஜாங்கம். ஆட்சி மாறும்போதெல்லாம் அவர் தோள்துண்டின் கரை நிறம் மாறும். தலைவர் பதவி மாறாது.

வெளியே வந்ததும் ஜெயா ஸ்கூட்டியை உதைத்தாள். "முடிஞ்சுது சார். காலிக் கட்டத்தைப் பாத்திருக்காரு, பண்ணையாள் எவனையாவது கூப்பிட்டு விரலை வைக்கச் சொல்லிருக்காரு. அந்த ஆளைப் பிடிச்சாப் போதும்."

வழியில் டீக்கடை இல்லாததால் காயாரோகணத்தின் மௌனத்தை அளக்க முடியவில்லை.

வயலில் பதினோரு பெண்கள் குனிந்து நட்டுக்கொண்டே பின்னோக்கி வந்துகொண்டிருந்தார்கள். புடவைமேல் ஆண்களின் பழைய சட்டை. வரிசையின் நடுவில் அம்சம். அவள் போட்டிருந்த சட்டையின் பையில் ஒரு கட்சிச் சின்னம் வெளிறிக் கிடந்தது. போன தேர்தலுக்கு மருதையனுக்குக் கிடைத்த சட்டை.

"நாளைக்குக் கோர்ட்டு. இன்னைக்கு நடவா?" என்றாள் ஜெயா.

"கோர்ட்டுக்குப் பஸ் சார்ஜ் யாருங்க குடுப்பா" என்றாள் அம்சம், நிமிராமலேயே. கையிலிருந்த நாற்றுமுடியின் கடைசி நாற்றையும் ஊன்றிவிட்டுத்தான் கரைக்கு வந்தாள்.

அவளுக்கு முன்பே இன்னொருத்தி வந்து நின்றாள். காளியம்மாள். ஐம்பதைத் தாண்டியவள், அந்த நடவு ஆட்களுக்குத் தலைவி. எந்த வயலுக்கு எத்தனை பேர் என்று பேசி முடிப்பவள்.

"தொப்பி போடாத போலீசுன்னாங்களே, இவருதானா?" என்று ஜெயாவிடம் கேட்டாள். "பேசுவாரா?"

"மழை வந்தா பேசுவாரு."

"தபால்ல படிச்சா தப்பாம்மா? எம் மவனுக்கு மிலிட்டரி வேலைக்கு உத்தரவே தபால்லதான் வந்துச்சு. அதைச் செல்லாதுன்னு யாரும் சொல்லலையே."

"அதைச் சொன்னா சுட்டுடுவான்னு பயம்" என்றாள் ஜெயா.

காயாரோகணம் வரப்பில் உட்கார்ந்தார். காளியம்மாளை நிமிர்ந்து பார்த்தார். ஒன்றும் கேட்கவில்லை. நாரை ஒன்று வயலின் மறுகோடியிலிருந்து இந்தக் கோடிவரை நடந்து வந்தது. பெண்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அந்த அமைதி காளியம்மாளுக்குத் தாங்கவில்லை.

"சரிங்க, சொல்லிடறேன். நாந்தான் வச்சேன்."

"அத்தை" என்றாள் அம்சம்.

"நீ சும்மா இரு. எங்க வழக்கம் ஒண்ணு இருக்குங்க. கூட வேலை செய்யறவ பிரசவம், சாவுன்னு போனா அவ பேரைக் காலியா விடமாட்டோம். வேலையை நாங்க பங்குபோட்டுச் செஞ்சிடுவோம். அவளுக்கு நான் வச்சிடுவேன். அன்னைக்கு இது பரிச்சைக்குப் போயிருச்சு. நான் வச்சேன். கோர்ட்டுல கூப்பிட்டுக் கேட்டா அப்படியே சொல்றேன். ஜெயில்ல போடுவாங்களா? போடட்டும். மூணு வேளை சோறு."

"அத்தை, பொய் சொல்லாதீங்க. அன்னைக்கு நீங்களே வேலைக்கு வரல, பேரும் குடுக்கல. கொரடாச்சேரியில சாவு."

"அது வேற சாவு."

"அதே சாவுதான்." அம்சம் காயாரோகணத்தின் பக்கம் திரும்பினாள். குரல் உயரவில்லை. "ஐயா, நாளைக்கு எப்படி ஆனாலும் ஆகட்டுங்க. நாலு வருஷமா இந்த சீட்டுக்குத்தான் காத்துக்கிட்டிருந்தேன். அடுத்த வருஷம் கிடைக்குமான்னு தெரியாது. ஆனா அத்தை பொய்க் கையெழுத்து வச்சேன்னு ஒத்துக்கிட்டு, அது மேல ஏறி நான் டீச்சராகணும்னா, எனக்கு வேணாம். நான் பிள்ளைங்களுக்கு என்னத்தைச் சொல்லிக்குடுப்பேன்?"

காயாரோகணம் ஜெயாவைப் பார்த்தார். ஜெயா மைப்பெட்டியை எடுத்தாள்.

"காளியம்மா, நீங்க வச்ச விரலை இங்க வைங்க" என்றார் அவர். அங்கே வந்த பிறகு அவர் பேசிய முதல் வாக்கியம். பெண்கள் அண்ணாந்து பார்த்தார்கள், மழை வருகிறதா என்று.

காளியம்மாள் கையை வாய்க்காலில் அலம்பி, சட்டையில் துடைத்து, வெள்ளைத் தாளில் அழுத்தினாள். கறுப்பாக ஒரு திட்டு. வரியும் இல்லை, சுழியும் இல்லை.

"மை அதிகம்" என்றாள். மறுபடி வைத்தாள். மறுபடியும் திட்டு.

"உங்க விரல் உங்களுக்காகப் பொய் சொல்ல மாட்டேங்குது" என்றாள் ஜெயா.

காயாரோகணம் தாளை அடுத்தவளிடம் நீட்டினார். அது கைமாறிக்கொண்டே போனது. பதினோரு பெண்கள், பதினோரு திட்டுகள். அம்சம் வைத்ததும் அப்படியே. தாள் முழுக்க எறும்புப் புற்று மாதிரி ஆயிற்று.

ஜெயா தன் விரலையும் அந்தத் தாளின் மூலையில் வைத்துப் பார்த்தாள். வரி வரியாக விழுந்தது. அதைப் பார்த்துக்கொண்டே மைப்பெட்டியை மூடினாள்.

"நாத்தை எதால ஊனுவீங்க?" என்று கேட்டார் காயாரோகணம்.

காளியம்மாள் காட்டினாள். கட்டைவிரலும் இரண்டு விரல்களும் சேர்ந்து, நாற்றின் வேரைப் பிடித்து, சேற்றுக்குள் ஓர் அழுத்து. அதில் கட்டைவிரல்தான் முன்னால் போகிறது. "ஒரு நாளைக்கு எத்தனைன்னு எண்ணினதில்லைங்க. பதினாலு வயசுலேர்ந்து அழுத்துறேன்."

"சேறு உப்புத்தாள் மாதிரி தேய்ச்சிருக்கு" என்றாள் ஜெயா மெதுவாக. "அப்போ நிபுணர் கிட்டப் போனாலும் ஒண்ணும் ஆகாது சார். நாலு மாசம் கழிச்சு, 'அம்சத்தோட விரல்ல ஒப்பிடுறதுக்கு ரேகை இல்லை'ன்னு எழுதுவாங்க. நாலு வருஷம் முன்னாடி இருந்துச்சு, இப்போ தேஞ்சிடுச்சுன்னு அவங்க வக்கீல் சொல்லுவாரு."

"சொல்லுவாரு."

"பண்ணையாளும் இல்ல. பண்ணையாள் விரலும் இப்படித்தான் இருக்கும்."

"ஆமா." காயாரோகணம் எழுந்து வேட்டியைத் தட்டிக்கொண்டார். "இந்த ஊர்ல சேறு படாத கட்டைவிரல் எத்தனை?"

கேள்வி பெண்களுக்குப் பிடித்துப்போயிற்று. ஆளுக்கு ஒன்றாக எடுத்துக் கொடுத்தார்கள். போஸ்ட்மாஸ்டர். ஆனால் அவர் போன வாரம்தான் மாற்றலாகி வந்தார். ரேஷன் கடைக்காரர். அவர் விரல் தராசைவிட்டு நகராது. செயலாளர் அரசப்பன். அவரைப் பார்த்தாயிற்று.

"அப்புறம் பண்ணை ஐயா" என்றாள் காளியம்மாள். "அவரு விரல் சேத்துல படாது. சுண்ணாம்புல மட்டுந்தான் படும்."

"அவரு கைநாட்டு வைக்கிற ஆளா?" என்றாள் ஜெயா. "தலையை வேணா வெட்டிக்குவாரு."

அதுதான் சிக்கல். ஊரில் மிச்சமிருந்தது ஒரே விரல், இராஜாங்கத்துடையது. அந்த விரல் மைப்பெட்டியைத் தொடாது என்பதற்கு ஊரே சாட்சி.

இராஜாங்கம் வீட்டுக் கூடத்தில் நாலு தேக்குத் தூண்கள். அறுபத்தைந்து வயது. சாய்வு நாற்காலி. பக்கத்தில் வெற்றிலைத் தட்டு. அவர் கோபப்படவில்லை. வழக்கில் ஜெயிக்கப் போகிறவர்களுக்கு இருக்கும் மரியாதை அவரிடம் நிறைய இருந்தது.

"வாங்க, உக்காருங்க. காபி சாப்பிடுறீங்களா? துப்பறியறவங்க எங்க வீட்டுக்கு வர்றது இதான் முதல் தடவை."

"எங்களுக்கும் கோர்ட்டுல ஜெயிக்கப் போறவரு வீட்ல காபி இதான் முதல் தடவை" என்றாள் ஜெயா. "வழக்கமா தோத்தவங்க வீட்டு டீதான்."

அவர் சிரித்தார். ஒரு வெற்றிலையை எடுத்து அதன் முதுகைத் தொடையில் துடைத்து, கட்டைவிரலால் சுண்ணாம்பை எடுத்துத் தடவினார். "எனக்கு அந்தப் பொண்ணு மேல விரோதம் ஒண்ணும் இல்லம்மா. படிக்கட்டும். ஆனா முறையா படிக்கணும். தபால்ல கார்டு வரலாம், கவர் வரலாம். வாத்தியார் வேலை வரலாமா? நாளைக்கு ஆப்பரேஷன் பண்றவனும் தபால்ல வருவான். கைநாட்டு வைக்கிற கழுதைங்கல்லாம் கரும்பலகை முன்னாடி நின்னா நாடு என்னாகும்?"

"உங்க வீட்ல யாரும் கைநாட்டு வச்சதில்லையோ?" என்றார் காயாரோகணம்.

"எங்க பாட்டன் காலத்துலேர்ந்து இல்ல. இந்த வீட்ல மாடு மேய்ச்சவன்கூடப் பேர் எழுதுவான்." விரலில் மிச்சமிருந்த சுண்ணாம்பைப் பக்கத்துத் தூணில் ஒற்றித் துடைத்தார். பார்க்காமலே கை அங்கே போயிற்று.

ஜெயா காமிராவை நீட்டி அந்தச் சிறிய திரையில் பதினேழாவது கைநாட்டைப் பெரிதாக்கிக் காட்டினாள்.

"இந்த விரல்ல குறுக்க ஒரு வெட்டுத் தழும்பு இருக்கு. அம்சத்து விரல்ல தழும்பு இல்ல. ரேகையும் இல்ல. ஊர்ல நடவு நடுற யாருக்கும் இல்ல. புத்தகம் ஆவணியில உங்ககிட்ட ஒரு வாரம் இருந்திருக்கு."

"புத்தகம் தலைவர் வீட்ல இல்லாம தட்டான் வீட்லயா இருக்கும்?" இராஜாங்கம் வெற்றிலையை மடித்து வாயில் போட்டார். கட்டைவிரல் மற்ற விரல்களுக்குள் போய் ஒளிந்துகொண்டது. ஆனால் அது போவதற்கு முன் அதன் சதையில் குறுக்கே இழுத்த வெள்ளைத் தழும்பை இருவரும் பார்த்துவிட்டார்கள்.

ஜெயா மைப்பெட்டியைத் திறந்து தட்டின் பக்கத்தில் வைத்தாள். "ஒரே ஒரு தடவை வச்சுக் காட்டிடுங்க. உங்க விரல் இல்லைன்னா மன்னிப்புக் கேட்டுட்டுப் போயிடறோம்."

"இந்த வீட்ல யாரும் கைநாட்டு வைக்க மாட்டோம்னு இப்பத்தானே சொன்னேன்."

"நாளைக்கு ஜட்ஜ் கேப்பாரு."

"கேக்கட்டும்." மெல்லுவதை நிறுத்தாமல் பாக்குவெட்டியை எடுத்துப் பார்த்தார். "இன்னைக்கு ராத்திரி பாக்கு வெட்டும்போது விரல் வெட்டுப்பட்டா? பெரிய கட்டாப் போட்டுக்கிட்டுக் கோர்ட்டுக்கு வந்தா? வயசானவன். கை நடுங்கும்."

நல்ல பதில். ஜெயா காயாரோகணத்தைப் பார்த்தாள். அவர் இராஜாங்கத்தைப் பார்க்கவில்லை. தூணைப் பார்த்துக்கொண்டிருந்தார். காபி ஆறியது. வெளியே வாய்க்காலில் தண்ணீர் போகும் சத்தம் கேட்டது. இராஜாங்கம் மெல்லுவதை நிறுத்தினார். காயாரோகணம் தூணையே பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் இராஜாங்கமும் திரும்பித் தூணைப் பார்த்தார்.

நாற்காலியின் உயரத்தில், கைக்கு எட்டும் தூரத்தில், கறுத்த தேக்கின்மேல் வெள்ளை வெள்ளையாகச் சுண்ணாம்புத் தடங்கள். நூறு இருக்கலாம், இருநூறும் இருக்கலாம். சில இழுபட்டவை. பல ஒற்றி எடுத்தவை. ஒற்றி எடுத்த ஒவ்வொன்றிலும் சுழி சுழியாக வரிகள். ஒவ்வொன்றின் நடுவிலும் அதே சாய்வுக் கோடு. கடைசியாக வைத்தது இன்னும் ஈரமாக இருந்தது.

"பாட்டன் காலத்துலேர்ந்து இல்லாததை எல்லாம் சேத்து ஒரே தூண்ல வச்சிட்டீங்களே" என்றாள் ஜெயா. எழுந்துபோய் நிதானமாகப் படம் பிடித்தாள். கிட்டத்தில் நாலு, தூரத்திலிருந்து நாற்காலியும் ஆளும் தூணுமாக இரண்டு. "விரலுக்குக் கட்டுப் போடலாம். தூணுக்கு எவ்வளவு துணி வேணும்?"

இராஜாங்கம் நிமிர்ந்து உட்கார்ந்தார். அவர் முகத்தில் பயத்தைவிடக் குழப்பம்தான் அதிகம் இருந்தது. நிஜமாகவே அவருக்குப் புரியவில்லை.

"எல்லாக் கைநாட்டும் ஒண்ணுதானேய்யா" என்றார் காயாரோகணத்திடம், கிட்டத்தட்டக் கெஞ்சலாக. "நாப்பது வருஷமா பாக்குறேன். குத்தகைச் சீட்டு, கூலிச் சீட்டு, எத்தனை ஆயிரம் பாத்திருப்பேன். எல்லாம் ஒரே மாதிரி கறுப்பாத்தான் அப்பியிருக்கும். எது எவன் விரல்னு எனக்கு ஒரு நாளும் தெரிஞ்சதில்ல. இதுல மட்டும் எப்படித் தெரியும்?"

அவர் ஏமாற்ற நினைத்தது நிஜம். எல்லாக் கைநாட்டும் கறுப்புத் திட்டுதான் என்று நம்பியதும் நிஜம். அந்த நம்பிக்கையில்தான் தன் விரலையே வைத்தார். ஆளைக் கூப்பிட்டால் ஆளுக்கு விஷயம் தெரியும். தன் விரல் என்றால் யாருக்குத் தெரியப் போகிறது?

காயாரோகணம் எழுந்துகொண்டார்.

"நீங்க பாத்ததெல்லாம் உங்க வயல்ல நட்ட விரல்" என்றார். "அதுல இருந்ததை உங்க வயல்தான் அழிச்சுது. உங்க விரல்ல இருக்கிறதை அழிக்க எந்தச் சேறும் படல."

இந்தத் தடவை மௌனம் இராஜாங்கத்துடையதாக இருந்தது. காயாரோகணம் அதை மரியாதையோடு பார்த்துக்கொண்டு நின்றார்.

"வழக்கை நாளைக்கு வாபஸ் வாங்குறதா வக்கீலுக்கு ஒரு கடிதம் எழுதணும்" என்றாள் ஜெயா. "இல்லைன்னா தூண் படத்தோட நாங்க மதுரைக்கு வர்றோம். அரசப்பனும் புத்தகத்தோட வர்றாரு, பாவம், திருச்சி தாண்டி." கைப்பையிலிருந்து வெள்ளைத் தாளை எடுத்து வெற்றிலைத் தட்டின்மேல் வைத்தாள். "பேனா வேணுங்களா, மைப்பெட்டி போதுமா?"

அவர் பேனாவுக்குக் கை நீட்டினார்.

செவ்வாய்க்கிழமை பிற்பகல் கல்லூரி அலுவலகத்தில் சேர்க்கைக்கான கடைசி வரிசை நின்றது. முந்தின நாள் மதுரையில் மனு வாபஸ் பெறப்பட்டதாக இரண்டு வரியில் உத்தரவாகியிருந்தது. காதர் மைதீன் அதன் நகலை அம்சத்திடம் கொடுத்து, இதை லேமினேட் செய்யாதே, சான்றிதழ்களை மட்டும் செய் என்று சொல்லி அனுப்பியிருந்தார். வாசலில் வேப்பமரத்தடியில் ஸ்கூட்டியில் சாய்ந்தபடி ஜெயாவும், எதிலும் சாயாமல் காயாரோகணமும் நின்றார்கள். ஜன்னல் வழியாக உள்ளே நடப்பது தெரிந்தது.

படிவத்தின் கடைசிப் பக்கத்தில், ஆள்மாறாட்டத்தைத் தடுப்பதற்காக இந்த வருஷம் புதிதாகச் சேர்த்த இரண்டு கட்டங்கள் இருந்தன. ஒன்று கையொப்பம். இன்னொன்று கட்டைவிரல் பதிவு.

அம்சம் முதல் கட்டத்தில் கையெழுத்துப் போட்டாள். இரண்டாவதில் விரலை வைத்தாள்.

கிளார்க் மூக்குக்கண்ணாடியை ஏற்றிக்கொண்டார். "என்னம்மா இது, கறுப்பா அப்பியிருக்கே. துடைச்சிட்டு இன்னொரு தடவை வை."

வைத்தாள்.

"இன்னும் மெதுவா."

மெதுவாக வைத்தாள்.

"வரியே விழ மாட்டேங்குதே. வேற விரல் வச்சுப் பாரேன்."

"எத்தனை தடவை வச்சாலும் இப்படித்தாங்க வரும்" என்றாள் அம்சம். "அதுக்கு மேல கையெழுத்து போட்டிருக்கேன். அதைப் பாருங்க."

கிளார்க் பார்த்தார். தந்தை பெயரின் முதல் எழுத்தும் அவள் பெயரும் ஒவ்வோர் எழுத்தாக, அவசரமில்லாமல், கட்டத்துக்குள் அடங்கி நின்றன. அவர் முத்திரையை எடுத்து மையில் ஒற்றினார்.